ஓப்பன்ஏஎல்

ஓப்பன்ஏஎல் அல்லது திறந்த ஒலி நூலகம் என்பது கணினியில் முப்பரிமாண ஒலியை உருவாக்கப் பயன்படும் ஒரு நிரலாக்க இடைமுகம் ஆகும். இந்த இடைமுகத்தைச் செயற்படுத்தும் மென்பொருள் நூலகங்களும் பொதுவாக இப்பெயராலேயே அழைக்கப்படுகின்றன. ஒலி எந்தத் திசையிலிருந்து, எவ்வளவு தொலைவிலிருந்து, எந்த வேகத்தில் வருகிறது என்பதை நிரலாளர் எண்களாகக் கொடுத்தால், கேட்பவரின் காதுக்கு அவ்வாறே தோன்றும்படி ஒலியைக் கணித்து ஒலிபெருக்கிகளுக்கு அனுப்புவது இதன் பணியாகும். விண்டோஸ், லினக்ஸ், மாக் முதலிய பல இயங்குதளங்களில் ஒரே நிரலைக் கொண்டு இதனைப் பயன்படுத்தலாம்.

கணினி விளையாட்டுகள், பறத்தல் பாவனையாக்கிகள், முப்பரிமாண அசைவூட்ட மென்பொருட்கள், பார்வையற்றோருக்கான ஒலிவழி ஆட்டங்கள் ஆகியவை இத்தகைய நூலகங்களின் முக்கியப் பயன்பாட்டுத் துறைகளாகும்.

பெயர்

முப்பரிமாண வரைகலைக்கான ஓப்பன்ஜிஎல் என்னும் இடைமுகத்தைப் பின்பற்றியே ஓப்பன்ஏஎல் என்ற பெயர் இடப்பட்டது. கட்டளைகளின் பெயரிடும் முறை, வாதங்களின் ஒழுங்கு, நீட்டிப்புகளைச் சேர்க்கும் முறை ஆகியனவும் ஓப்பன்ஜிஎல்லை ஒத்தே வடிவமைக்கப்பட்டுள்ளன. வரைகலை நிரலாக்கம் அறிந்த ஒருவர் புதிதாக அதிகம் கற்காமலேயே ஒலியையும் கையாள இயலவேண்டும் என்பதே இதன் நோக்கம்.

வரலாறு

1998இல் அமெரிக்காவின் கலிபோர்னியாவில் தொடங்கப்பட்ட லோகி சாஃப்ட்வேர் என்னும் நிறுவனம் விண்டோஸ் விளையாட்டுகளை லினக்ஸுக்கு மாற்றி விற்று வந்தது. விண்டோஸில் முப்பரிமாண ஒலிக்கு டைரக்ட்சவுண்ட்3டி இருந்தது. லினக்ஸில் அதற்கு இணையான பொது இடைமுகம் ஏதும் இல்லை. இக்குறையை நீக்க லோகி நிறுவனம் 2000ஆம் ஆண்டில் ஓப்பன்ஏஎல்லை உருவாக்கியது.

லோகி நிறுவனம் 2002ஆம் ஆண்டின் தொடக்கத்தில் மூடப்பட்டது. மூலநிரல் கட்டற்ற உரிமத்தின் கீழ் வெளியிடப்பட்டிருந்ததால் நிறுவனத்தோடு நூலகம் அழியவில்லை. சில காலம் தன்னார்வலர்கள் அதனைப் பராமரித்தனர். பின்னர் சிங்கப்பூரைச் சேர்ந்த கிரியேட்டிவ் டெக்னாலஜி நிறுவனம் இதன் வளர்ச்சிக்கு முதன்மைப் பொறுப்பேற்றது. 1981இல் சிம் வோங் ஹூ உள்ளிட்டோரால் தொடங்கப்பட்ட இந்நிறுவனம், 1989இல் வெளிவந்த சவுண்ட் பிளாஸ்டர் ஒலி அட்டையால் உலகெங்கும் அறியப்பட்டது.

2005இல் ஓப்பன்ஏஎல் 1.1 வரையறை வெளியானது. அதே ஆண்டில் ஆப்பிள் நிறுவனம் தனது மாக் ஓஎஸ் எக்ஸ் 10.4 இயங்குதளத்துடன் ஓப்பன்ஏஎல்லைச் சேர்த்து வழங்கியது. ஆனால் 2019இல் வெளிவந்த மாக்ஓஎஸ் 10.15 பதிப்பில், புதிய நிரல்களுக்கு இது பரிந்துரைக்கப்படுவதில்லை என ஆப்பிள் அறிவித்தது.

விண்டோஸ் விஸ்டாவின் வருகை ஒலித்துறையில் பெரிய மாற்றத்தை ஏற்படுத்தியது. 2007இல் பொதுமக்களுக்கு வெளியான இந்த இயங்குதளம், டைரக்ட்சவுண்ட்3டி நேரடியாக ஒலி அட்டையின் வன்பொருளைப் பயன்படுத்தும் வழியை நீக்கிவிட்டது. இதனால் பழைய விளையாட்டுகள் பலவற்றில் முப்பரிமாண ஒலியும் எதிர்முழக்க விளைவுகளும் செயலிழந்தன. ஓப்பன்ஏஎல்லைப் பயன்படுத்திய விளையாட்டுகள் இம்மாற்றத்தால் பாதிக்கப்படவில்லை. ஓப்பன்ஏஎல் அந்த வழியைச் சார்ந்திராமல் ஒலி அட்டையின் இயக்கியுடன் தானே பேசியதே இதற்குக் காரணம். டைரக்ட்சவுண்ட்3டி கட்டளைகளை ஓப்பன்ஏஎல் கட்டளைகளாக மாற்றித் தரும் ஆல்கெமி என்னும் மென்பொருளை கிரியேட்டிவ் நிறுவனம் பின்னர் வெளியிட்டது.

ஓப்பன்ஏஎல் சாஃப்ட்

கிரியேட்டிவ் நிறுவனத்தின் பிற்காலப் பதிப்புகள் மூடிய உரிமம் உடையவையாக மாறின. இதனால் 2000களின் பிற்பகுதியில் கிறிஸ் ராபின்சன் என்னும் நிரலாளர், முன்னர் திறந்த மூலநிரலாக இருந்த விண்டோஸ் பதிப்பிலிருந்து ஓப்பன்ஏஎல் சாஃப்ட் என்னும் தனிக் கிளையைத் தொடங்கினார். இது சிறப்பு ஒலி அட்டை எதையும் எதிர்பார்ப்பதில்லை. எல்லாக் கணக்குகளையும் கணினியின் மையச் செயலியிலேயே செய்கிறது. குனூ லெஸ்ஸர் பொது உரிமத்தின் கீழ் வெளியிடப்படும் இதுவே இன்று பரவலாகப் பயன்படும் செயலாக்கம் ஆகும்.

லினக்ஸில் ஆல்சா, பல்ஸ்ஆடியோ, பைப்வயர், ஜாக் ஆகியவற்றின் வழியாகவும், விண்டோஸில் வாஸாபி வழியாகவும், மாக்கில் கோர்ஆடியோ வழியாகவும் இது ஒலியை வெளியிடுகிறது. டெபியன் தொகுப்பில் இது இடம்பெற்றுள்ளது. சென்னையிலுள்ள சி-டாக் நிறுவனம் உருவாக்கிய பாஸ் லினக்ஸ் டெபியனை அடிப்படையாகக் கொண்டது.

காது திசையை அறியும் முறை

நூலகத்தின் பணியைப் புரிந்துகொள்ள, மனிதக் காது திசையை எவ்வாறு அறிகிறது என்பதைத் தெரிந்துகொள்ள வேண்டும். 1907இல் ரேலி பிரபு என்னும் ஆங்கிலேய இயற்பியலாளர் இதற்கு இரு காரணங்களை முன்வைத்தார்.

முதலாவது, நேர வேறுபாடு. வலப்பக்கம் எழும் ஒலி வலக்காதை முதலில் அடைகிறது. தலையைச் சுற்றி இடக்காதை அடைய அதற்குச் சற்றுக் கூடுதல் நேரம் ஆகிறது. சராசரித் தலைக்கு இவ்வேறுபாடு அதிக அளவாக ஏறத்தாழ 0.65 மில்லிநொடி ஆகும். நொடிக்கு 44,100 மாதிரிகள் கொண்ட குறுந்தட்டுத் தர ஒலியில் இது சுமார் 29 மாதிரிகளுக்குச் சமம். இவ்வளவு சிறிய காலத்தை மூளை உணர்வதாலேயே திசை புலப்படுகிறது.

இரண்டாவது, ஒலியளவு வேறுபாடு. உயர் அதிர்வெண் கொண்ட ஒலியைத் தலை மறைப்பதால் மறுபக்கக் காதில் ஒலி குறைகிறது. குறைந்த அதிர்வெண்களில் நேர வேறுபாடும், உயர் அதிர்வெண்களில் ஒலியளவு வேறுபாடும் முதன்மை பெறுகின்றன.

இவ்விரண்டும் இடம், வலம் ஆகியவற்றைக் காட்டப் போதுமானவை. நேர்முன்னாலும் நேர்பின்னாலும் எழும் ஒலிகளுக்கு இவ்விரு வேறுபாடுகளும் சுழியாகவே இருப்பதால், முன், பின், மேல், கீழ் ஆகியவற்றைப் பிரித்தறிய இவை உதவுவதில்லை. அதற்குக் காதுமடலின் மடிப்புகளும் தோள்களும் ஒலியில் ஏற்படுத்தும் நுண்ணிய மாற்றங்கள் உதவுகின்றன. தலையும் காதுமடலும் ஒவ்வொரு திசைக்கும் ஏற்படுத்தும் மாற்றங்கள் அனைத்தையும் சேர்த்து விவரிக்கும் சார்பு, தலைசார் பரிமாற்றச் சார்பு எனப்படும்.

அமைப்பு

ஓப்பன்ஏஎல் மூன்று அடிப்படைப் பொருள்களைக் கொண்டது.

இடையகம்: ஒலித்தரவு வைக்கப்படும் நினைவகப் பகுதி. அடிப்படை வரையறையின்படி இதில் 8 பிட் அல்லது 16 பிட் அளவுள்ள ஒற்றைத்தட ஒலியோ இரட்டைத்தட ஒலியோ இடம்பெறலாம். நீட்டிப்புகள் வழியாக 32 பிட் மிதவைப்புள்ளி எண்களும் பல்தட ஒலியும் ஏற்கப்படுகின்றன.

ஒலி மூலம்: வெளியில் ஒரு குறிப்பிட்ட புள்ளியில் இருந்து ஒலிக்கும் பொருள். இதற்கு இடம், திசைவேகம், சுருதி, ஒலியளவு, ஒலி பரவும் கூம்பின் கோணம் முதலிய பண்புகள் உண்டு. ஒரே இடையகத்தைப் பல மூலங்கள் பகிர்ந்துகொள்ளலாம். ஒரு காலடி ஓசையை ஒருமுறை நினைவகத்தில் ஏற்றிவிட்டு, பத்துப் பேர் நடப்பதை அதைக்கொண்டே ஒலிக்கச் செய்யலாம்.

கேட்பவர்: ஒரு சூழலுக்கு ஒருவர் மட்டுமே. இவரது இடம், திசைவேகம், முகம் நோக்கும் திசை, தலையின் மேற்திசை ஆகியன குறிக்கப்படுகின்றன. வேறு மதிப்புகள் தரப்படாவிட்டால், கேட்பவர் ஆதிப்புள்ளியில் நின்று எதிர் இசட் அச்சை நோக்குவதாகக் கொள்ளப்படும். ஒய் அச்சு மேல்நோக்கியது.

இரட்டைத்தட ஒலிக்கு இட அமைவுக் கணிப்பு செய்யப்படுவதில்லை என்பது புதியவர்கள் அடிக்கடி தவறவிடும் செய்தியாகும். அது பின்னணி இசைக்கு உரியதாகக் கருதப்பட்டு, உள்ளபடியே ஒலிக்கும். மூலத்தை எங்கு நகர்த்தினாலும் ஒலி மாறவில்லை எனில், கோப்பு இரட்டைத்தடமாக உள்ளதா என்பதையே முதலில் பார்க்க வேண்டும். அதனை ஒற்றைத்தடமாக மாற்றினால் சிக்கல் தீரும்.

எடுத்துக்காட்டு: அம்பத்தூர் நடைமேடை

சென்னை சென்ட்ரல் – அரக்கோணம் தடத்தில் பட்டரவாக்கத்துக்கும் திருமுல்லைவாயிலுக்கும் இடையில் அம்பத்தூர் தொடர்வண்டி நிலையம் உள்ளது. இங்கு நில்லாமல் ஒரு விரைவு வண்டி ஒலிப்பானை ஒலித்தபடி கடப்பதாகவும், நடைமேடையில் நிற்பவர் அதைக் கேட்பதாகவும் கொள்வோம். ஒலிப்பானின் அதிர்வெண் 400 ஹெர்ட்ஸ், வண்டியின் வேகம் மணிக்கு 90 கிலோமீட்டர், அதாவது நொடிக்கு 25 மீட்டர் எனக் கொள்க. தண்டவாளம் 5 மீட்டர் முன்னால் உள்ளது. வண்டி இடமிருந்து வலமாகச் செல்கிறது.

முதலில் 4 நொடி நீளமுள்ள ஒலிப்பான் ஓசை இடையகத்தில் ஏற்றப்படுகிறது. நொடிக்கு 44,100 மாதிரிகள், 16 பிட், ஒற்றைத்தடம் எனில் இதற்கு 3,52,800 பைட்டுகள் தேவை. அடுத்து ஒரு மூலம் உருவாக்கப்பட்டு, இடையகம் அதனுடன் இணைக்கப்படுகிறது. மூலத்தின் தொடக்க இடம் (−100, 0, −5), திசைவேகம் (25, 0, 0) எனக் கொடுக்கப்படுகிறது.

தொலைவு: இயல்பான கணிப்பு முறையில், ஒலியளவு = மேற்கோள் தொலைவு ÷ (மேற்கோள் தொலைவு + தணிவு வீதம் × (தொலைவு − மேற்கோள் தொலைவு)). மேற்கோள் தொலைவை 5 மீட்டர் எனவும் தணிவு வீதத்தை 1 எனவும் வைத்தால், 100 மீட்டரில் ஒலியளவு 0.05 ஆகும். இது முழு ஒலியைவிடச் சுமார் 26 டெசிபெல் குறைவு. வண்டி நேர் எதிரே வரும்போது இது 1 ஆக உயர்கிறது. நேர்கோட்டு முறை, அடுக்குக்குறி முறை ஆகிய வேறு கணிப்பு முறைகளும் உள்ளன.

டாப்ளர் விளைவு: ஓப்பன்ஏஎல் ஒலியின் வேகத்தை நொடிக்கு 343.3 எனக் கொள்கிறது. வண்டி நெருங்கும்போது கேட்கும் அதிர்வெண் 400 × 343.3 ÷ (343.3 − 25), அதாவது ஏறத்தாழ 431 ஹெர்ட்ஸ். விலகிச் செல்லும்போது அது ஏறத்தாழ 373 ஹெர்ட்ஸாகக் குறைகிறது. வண்டி கடக்கும் கணத்தில் ஒலிப்பானின் சுருதி சட்டென இறங்குவதாக நாம் உணர்வது இதனாலேயே. 343.3 என்பது சுமார் 20 பாகை செல்சியசுக்கு உரிய மதிப்பு. 30 பாகையில் ஒலியின் வேகம் நொடிக்குச் சுமார் 349 மீட்டர். இந்த மதிப்பை நிரலாளர் மாற்றிக்கொள்ளலாம் எனினும், மேற்கண்ட எடுத்துக்காட்டில் அதனால் ஏற்படும் வேறுபாடு 1 ஹெர்ட்ஸுக்கும் குறைவே.

இங்கு ஒன்றைக் கவனிக்க வேண்டும். திசைவேகத்தைக் கொடுத்தால் மட்டும் மூலம் தானாக நகராது. திசைவேகம் டாப்ளர் கணிப்புக்கு மட்டுமே பயன்படுகிறது. ஒவ்வொரு காட்சிச் சட்டகத்திலும் புதிய இடத்தை நிரலே கணித்துக் கொடுக்க வேண்டும்.

ஒலித்தரம்

பல மூலங்களின் ஒலிகளைக் கூட்டும்போது 16 பிட் எண்களின் எல்லை கடக்கப்பட்டு ஒலி சிதையக்கூடும். ஓப்பன்ஏஎல் சாஃப்ட் 32 பிட் மிதவைப்புள்ளி எண்களில் கலவையைச் செய்து, இறுதியிலேயே வெளியீட்டுக்கு ஏற்ற வடிவுக்கு மாற்றுவதால் இச்சிக்கல் குறைகிறது.

சுருதி மாற்றத்துக்கும் டாப்ளர் விளைவுக்கும் மாதிரி வீதத்தை மாற்ற வேண்டியுள்ளது. அண்மை மாதிரியை எடுத்தல், நேர்கோட்டு இடைச்செருகல், முப்படி இடைச்செருகல், சாளரமிட்ட சிங்க் சார்பு எனப் பல முறைகள் இதற்கு உள்ளன. தரம் உயர உயரச் செயலியின் வேலையும் கூடுகிறது.

ஹெட்போனில் கேட்பவர்கள் தலைசார் பரிமாற்றச் சார்பு வசதியை இயக்கலாம். இதற்குத் தேவையான அளவீடுகள் ஆய்வகங்களில் எடுக்கப்படுகின்றன. இவற்றுள் புகழ்பெற்றது 1994இல் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தின் ஊடக ஆய்வகத்தில் பில் கார்ட்னர், கீத் மார்ட்டின் ஆகியோர் எடுத்த அளவீடு ஆகும். கீமார் என்னும் மாதிரி உருவத்தின் காதுகளில் ஒலிவாங்கிகளைப் பொருத்தி, 710 நிலைகளில் இருந்து ஒலியெழுப்பி அவர்கள் பதிவு செய்தனர்.

எதிர்முழக்கம், எதிரொலி, ஒலி மட்டுப்படுத்தும் வடிப்பிகள் ஆகியன ஈஎஃப்எக்ஸ் என்னும் நீட்டிப்பின் வழியாகக் கிடைக்கின்றன. சிறிய அறை, பெரிய மண்டபம், குகை ஆகியவற்றின் ஒலிச்சூழலை இதன்மூலம் உருவாக்கலாம்.

நூலகக் கோப்புகள்

ஓப்பன்ஏஎல் பெரும்பாலும் பயன்பாட்டு நிரலில் இருந்து தனித்த கோப்பாகவே வைக்கப்படுகிறது. விண்டோஸில் ஓப்பன்ஏஎல்32.டிஎல்எல் என்பதும், லினக்ஸில் லிப்ஓப்பன்ஏஎல்.எஸ்ஓ என்பதும் அதன் பெயர்களாகும். கிரியேட்டிவ் நிறுவனத்தின் நிறுவியில் வரும் ஓப்பன்ஏஎல்32.டிஎல்எல் ஒரு வழிகாட்டி மட்டுமே. கணினியில் உள்ள செயலாக்கங்களைத் தேடி, கட்டளைகளை அவற்றுக்கு அனுப்புவதே அதன் பணி.

இக்கோப்பு இல்லாவிட்டால் "ஓப்பன்ஏஎல்32.டிஎல்எல் கிடைக்கவில்லை" என்ற பிழைச்செய்தியுடன் விளையாட்டு நின்றுவிடும். அப்போது கோப்பை மட்டும் தனியாக வழங்கும் ஏதோ ஒரு தளத்திலிருந்து அதைப் பதிவிறக்குவது ஆபத்தானது. டிஎல்எல் கோப்பு என்பது இயங்கக்கூடிய நிரல். தீங்கு நிரலை அப்பெயரில் வழங்குவது எளிது. விளையாட்டின் நிறுவியை மீண்டும் இயக்குவதோ, ஓப்பன்ஏஎல் சாஃப்ட் திட்டத்தின் அலுவல்முறை வெளியீட்டைப் பெறுவதோ பாதுகாப்பான வழியாகும்.

32 பிட் நிரலுக்கு 32 பிட் கோப்பும் 64 பிட் நிரலுக்கு 64 பிட் கோப்பும் தேவை. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்னும் கோப்புறையில் 64 பிட் கோப்புகளும், சிஸ்வாவ்64 என்னும் கோப்புறையில் 32 பிட் கோப்புகளும் இருப்பதால் பலர் இவற்றை மாற்றி வைத்துவிடுகின்றனர்.

கோப்பு தனித்திருப்பதால் ஒரு நன்மையும் உண்டு. விளையாட்டின் மூலநிரல் கிடைக்காவிடினும், அதன் கோப்புறையில் உள்ள பழைய நூலகத்துக்குப் பதிலாகப் புதிய ஓப்பன்ஏஎல் சாஃப்ட் கோப்பைப் பெயர் மாற்றி வைக்க இயலும். ஆல்சாஃப்ட்.ஐஎன்ஐ என்னும் அமைப்புக் கோப்பில் தலைசார் பரிமாற்றச் சார்பை இயக்கினால், அந்த விளையாட்டு உருவான காலத்தில் இல்லாத இட அமைவு ஒலி அதற்குக் கிடைக்கிறது.

பயன்பாடுகள்

மைன்கிராஃப்ட்டின் ஜாவா பதிப்பு, ஃப்ளைட்கியர் பறத்தல் பாவனையாக்கி, சூப்பர்டக்ஸ்கார்ட், 0 ஏ.டி. ஆகியவை ஓப்பன்ஏஎல்லைப் பயன்படுத்தும் மென்பொருட்களுள் சில. பிளெண்டர் என்னும் முப்பரிமாண மென்பொருளிலும் ஒலி வெளியீட்டுக்கு இது பயன்படுத்தப்பட்டுள்ளது. 2021இல் உலகளாவிய வலைச் சேர்த்தியத்தின் பரிந்துரையாக ஏற்கப்பட்ட வெப் ஆடியோ இடைமுகத்திலும் இதை ஒத்த தொலைவுக் கணிப்பு முறைகளும் கேட்பவர் என்னும் பொருளும் உள்ளன.

திரையரங்குகளில் இதற்கு ஒப்பான கருத்து 2012இல் டால்பி அட்மாஸ் முறையுடன் அறிமுகமானது. அவ்வாண்டு டிசம்பரில் வெளியான சிவாஜி 3டி, அம்முறையில் ஒலியமைக்கப்பட்ட முதல் இந்தியத் திரைப்படமாகும். அட்மாஸில் ஒலிப்பொருள்களின் பாதை முன்கூட்டியே பதிவு செய்யப்படுகிறது. ஓப்பன்ஏஎல்லில் பயனரின் ஒவ்வோர் அசைவுக்கும் ஏற்ப அக்கணமே கணிக்கப்படுகிறது.

பார்வையற்றோருக்கான பயன்

பார்வையுள்ளவருக்கு இட அமைவு ஒலி ஒரு கூடுதல் இன்பம். பார்வையற்றவருக்கு அதுவே இடத்தைக் காட்டும் முதன்மைத் தகவல். சாலையில் வாகனங்கள் எத்திசையில் ஓடுகின்றன, எப்போது நிற்கின்றன என்பதைச் செவியால் அறிந்து கடக்கும் திறன், பார்வையற்றோருக்கு அளிக்கப்படும் நடமாட்டப் பயிற்சியின் ஒரு பகுதியாகும். சென்னையின் மேற்குப் புறநகரான பூந்தமல்லியில் பார்வையற்றோருக்கான அரசுப் பள்ளியும், டேராடூனைத் தலைமையிடமாகக் கொண்ட தேசிய பார்வைக் குறைபாடுடையோர் மேம்பாட்டு நிறுவனத்தின் மண்டல மையமும் உள்ளன.

இப்பயிற்சிக்குத் துணையாகும் மென்பொருளில் முன்னும் பின்னும் மாறித் தோன்றினால் அது சிறு குறையாகாது. ஆகவே இத்தகைய பயன்பாட்டில் ஹெட்போனும் தலைசார் பரிமாற்றச் சார்பும் இன்றியமையாதவை. எனினும் அவை நேரடிப் பயிற்சிக்கு மாற்றாக அமையா. ஹெட்போனை அணிந்தபடி உண்மைச் சாலையில் நடப்பது சுற்றுப்புற ஒலியை மறைத்துவிடும் என்பதும் கருதத்தக்கது.

பார்வையற்றோருக்கு வழிகாட்ட மைக்ரோசாஃப்ட் 2018இல் வெளியிட்ட சவுண்ட்ஸ்கேப் என்னும் செயலி, முப்பரிமாண ஒலியால் இடங்களின் திசையைக் காட்டியது. அந்நிறுவனம் 2023இல் அச்சேவையை நிறுத்தியது. மூலநிரல் திறந்து வெளியிடப்பட்டதால் பிறர் அதனைத் தொடர முடிந்தது. லோகி மூடப்பட்டபோது ஓப்பன்ஏஎல் பிழைத்ததும் இதே காரணத்தால்தான்.

குறைபாடுகள்

ஒலி காற்றில் பயணம் செய்ய ஆகும் நேரத்தை ஓப்பன்ஏஎல் கணிப்பதில்லை. தீபாவளி வாணம் வானில் வெடிக்கும்போது முதலில் ஒளியும் சற்றுப் பின்னர் ஓசையும் வருகின்றன. ஓப்பன்ஏஎல்லில் இரண்டும் ஒரே கணத்தில் நிகழும். தாமதத்தை நிரலாளரே சேர்க்க வேண்டும்.

சுவர்களும் கதவுகளும் அதற்குத் தெரியா. சுவருக்கு அப்பால் உள்ள மூலத்தின் ஒலியை வடிப்பி கொண்டு மட்டுப்படுத்தலாம். ஆனால் இடையில் சுவர் உள்ளது என்பதை விளையாட்டின் நிரலே கண்டறிந்து சொல்ல வேண்டும்.

தலை, காதுமடல் ஆகியவற்றின் அளவும் வடிவும் ஆளுக்கு ஆள் வேறுபடுவதால், ஒரு மாதிரி உருவத்தில் எடுத்த அளவீடு எல்லோருக்கும் ஒரே அளவில் பொருந்துவதில்லை. சிலருக்கு முன்னால் எழும் ஒலி பின்னால் எழுவதாகத் தோன்றும்.

எம்பி3, ஆக் வோர்பிஸ் போன்ற சுருக்கிய கோப்புகளை அடிப்படை நூலகம் தானாகப் படிப்பதில்லை. அவற்றை விரித்துத் தர வேறொரு நூலகம் தேவை. நீண்ட இசையைச் சிறு இடையகங்களாகப் பகுத்து, ஒன்றன்பின் ஒன்றாக வரிசையில் சேர்க்கும் வசதி இதில் உண்டு.

இவற்றையும் பார்க்க

ஓப்பன்ஜிஎல்
டாப்ளர் விளைவு
ஒலி அட்டை
கட்டற்ற மென்பொருள்
டால்பி அட்மாஸ்